மெலனிக்காக அடித்த பெயின்ட்

மெலனி முப்பது வருடமாக அடுத்தவர் வீட்டுச் சுவர்களைப் பற்றித்தான் எழுதிவருகிறாள். பத்திரிகையில் தொடர், பிறகு புத்தகம். எல்லாவற்றிலும் லண்டனின் ஈர வீடுகளும் அவற்றுக்குள் இருமும் பிள்ளைகளும்தான். கிழக்கு லண்டன் பிளேஸ்டோவில் தமிழர் வீடுகளுக்கு அவளைக் கூட்டிப்போய் மொழிபெயர்ப்பவள் சுவர்ணா. ஜெர்மனியிலிருந்து வந்து, பள்ளிக்கூடச் சமையலறையில் வேலை செய்பவள். வாய் கொஞ்சம் நீளம். போகுமுன்பே அந்தந்த வீட்டாருக்குக் கட்டளை போட்டுவிடுவாள்.

"பேப்பர்க்காரி வாறா எண்டு வீட்டைத் துடைச்சுப் போடாதேங்கோ. கிடக்கிறபடி கிடக்கட்டும்."

எல்லாம் ஊருக்கு உபதேசம். இப்போது முறை அவள் வீட்டுக்கே வந்தது. குளிர் தொடங்கியதிலிருந்து மகன் யதுசனுக்கு இழுப்பு. படுக்கையறைச் சுவர் முழுக்கக் கறுப்புப் பூஞ்சணம். அப்படி ஒன்றுமே இல்லை என்று வீட்டு முதலாளி கவுன்சிலுக்குச் சொல்லிவிட்டார். மெலனியின் கட்டுரையில் படம் வந்தால்தான் யாராவது வந்து பார்ப்பார்கள். சுவர்ணாவுக்கு வேறு வழி தெரியவில்லை.

ஆனாலும் மெலனி வருவதற்கு முதல்நாள், வெள்ளிக்கிழமை பின்னேரம், அவளுக்கு மனம் கேட்கவில்லை. ஆள் வருகிற வீடு இப்படியா கிடப்பது? தான் போகும் லூயிஷாம் கோயிலில் சனம் என்ன கதைக்கும்? பிளீச் ஊற்றித் தேய்த்தாள். கறை போகவில்லை என்று வெள்ளை பெயின்டும் அடித்தாள். அலுமாரிக்குப் பின்னால் மட்டும் கை எட்டவில்லை.

மறுநாள் மெலனி வந்து, வடை சாப்பிட்டு, சுவரைப் பார்த்தாள். பெயின்ட் மணம் அவளுக்குத் தெரியாமல் இல்லை. வெள்ளைச் சுவரில் படமெடுக்க ஒன்றுமில்லை. திங்கட்கிழமைக்குள் கட்டுரை கொடுக்கவேண்டும், வேறு வீடு பார்க்கிறேன் என்று மெதுவாகச் சொல்லி கமராவைப் பைக்குள் வைத்தாள்.  பெற்ற பிள்ளையின் தலையில் தானே மண்ணை அள்ளிப் போட்டுவிட்டோமே என்று சுவர்ணாவுக்கு அழுகை வந்தது. உள்ளே யதுசன் பெயின்ட் மணத்துக்கு இருமத் தொடங்கினான். அந்த இருமல் நிற்கவில்லை.

அவள் எழுந்து படுக்கையறைக்குப் போய் அலுமாரிக்குத் தோளைக் கொடுத்துத் தள்ளினாள். மெலனியும் ஓடிவந்து பிடித்தாள். பின்சுவர் தரையிலிருந்து கூரைவரை கறுத்து, மயிர் முளைத்ததுபோல் நின்றது. நாற்றம் அறையை நிறைத்தது.

மெலனி கமராவை எடுத்து, சுவரை மட்டும் எடுப்பதாகச் சொன்னாள். மற்ற வீடுகளில், ஆள்முகம் வராமல் சுவரை மட்டும் எடுக்கச் சொல்லிக் கேட்பவள் சுவர்ணாதான். இன்று அவள் விலகவில்லை. சுவரில் முதுகு படும்படி நின்று, சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தாள்.

"வெறும் சுவரெண்டால் ஆரின்ரை வீடு எண்டு கவுன்சில்காரர் கேப்பினம். என்ரை முகமும் வரட்டும்."