வெங்காயத்திலிருந்து அன்னாசிக்கு

மானிப்பாய்த் தேவமலர் தபால் கந்தோரில் முப்பது வருடம் முத்திரை குத்தி இளைப்பாறியவர். அதைவிடக் கண்ணீர் கூடிய சேவை ஒன்றும் அவருக்கு உண்டு. சேர்ச்சின் அறுவடைப் பண்டிகைச் சாப்பாட்டுக்கு இருபத்திரண்டு வருடமாக வெங்காயம் உரித்தவர் அவர்தான்.

அந்தச் சமையலில் ஒவ்வொரு கறிக்கும் ஓர் உரிமையாளர். கத்தரிக்காய் மிரியம் அக்காவுடையது, பருப்பு நிவேதனாவுடையது. ஒருவர் மோட்சம் போனால், அல்லது கனடா போனால்தான் ஒரு கறி காலியாகும். இந்த வருடம் லீக்ஸ் வறைக்கு உரிமைக்காரி மகனோடு இருக்க ரொறன்ரோவுக்குப் போய்விட்டார். யாருக்கு எந்தக் கறி என்று எழுதிய கொப்பி மிரியம் அக்காவிடம்தான் இருந்தது; தேவமலர் அன்றைக்கே அவரின் படலையைத் தட்டினார்.

"என்ன கறி வைக்கப்போறாய் பிள்ளை?"

"கறியில்லை அக்கா. கரட், போஞ்சி, கறிமிளகாயோடை அன்னாசியும் போட்டு ஒரு பிரட்டல். இனிப்பும் புளிப்பும் உறைப்புமாய்."

"பழத்தை ஏன் அடுப்பிலை வைச்சு வதைக்கிறாய்? சும்மா வெட்டி வைச்சாலே சனம் தின்னுமே."

என்றாலும் அனுமதி கிடைத்தது. தேவமலர் நாலு ஞாயிறு வீட்டில் ஒத்திகை பார்த்தார். கணவர் நேசராஜா நாலையும் சாப்பிட்டு, நாலு தரமும் ஒரே தீர்ப்பைச் சொன்னார்: "நல்லாத்தான் இருக்கு. கறி எங்கை?"

பண்டிகையன்று காலை சண்டிலிப்பாயிலிருந்து மரக்கறி வந்தது. தேவமலர் போஞ்சியை ஒரே நீளத்தில் வெட்டினார். பிசகியவற்றைத் திருப்பி வெட்டினார். பெரிய தாச்சி, பெரிய நெருப்பு, மூடி இல்லை, தண்ணீர் இல்லை. கடைசியில் அன்னாசி, கொஞ்சம் சோயா சோஸ், இடித்த மிளகு. கரட் பல்லில் கடிபட வேண்டும். அன்னாசியின் ஓரம் மட்டும் கருக வேண்டும். இரண்டும் நடந்தன. அடுப்பை அணைத்துவிட்டு, இருபத்திரண்டு வருடத்தில் முதல்முறையாக அந்தக் குசினியில் அவர் கண்ணீர் இல்லாமல் நின்றார்.

ஆனால் அந்தக் குசினிக்கு எழுதாத சட்டம் ஒன்று இருந்தது. அடுப்பைக் கடந்து போகிற எவரும் உள்ளங்கையை நீட்டலாம். நீட்டியவருக்குக் கொஞ்சம் வைத்தே ஆகவேண்டும். நக்கியவர் தீர்ப்புச் சொல்லியே ஆகவேண்டும். "காணும், இனி ஒண்டும் போடவேண்டாம்" என்று தீர்ப்பு வந்ததாகச் சரித்திரம் இல்லை.

பொருளாளர் கிறிஸ்துநாயகம் அண்ணையின் கை முதலில் வந்தது. நக்கினார். முகட்டைப் பார்த்தார்.

"தூள் போட மறந்துபோனாய் பிள்ளை."

"இதுக்குத் தூள் இல்லை அண்ணை. இது அப்பிடித்தான்."

"அப்பிடித்தான் எண்டு பிழையை வைச்சிருக்கிறதே?"

அந்த நேரம் பார்த்து மணி அடித்தது. ஒவ்வொரு வீட்டாரும் குடும்பமாகச் சேர்ந்து தங்கள் விளைச்சலைப் பீடத்துக்குக் கொண்டுபோக வேண்டும். நேசராஜா வாசலில் பூசணிக்காயோடு நின்றார். தேவமலர் தாச்சியை மூடாமல் மிரியம் அக்காவைப் பார்த்தார்.

"ஒருத்தரும் தொடாதேங்கோ அக்கா."

"நீ போயிட்டு வா."

பூசணிக்காயும் ஜெபமும் கால்மணி நேரம் எடுத்தன. திரும்பி வந்தபோது அடுப்பு எரிந்தது. தாச்சியில் செம்மண் நிறத்தில் ஏதோ கொதித்துக்கொண்டிருந்தது. கறித்தூள் கிறிஸ்துநாயகம் அண்ணையின் உபயம். புளி நிவேதனா கரைத்தது. மிரியம் அக்கா தேங்காய் முதற்பாலை விட்டு, நிதானமாகத் துழாவினார்.

"தொடாதேங்கோ எண்டு சொன்னனானெல்லே அக்கா."

"நான் எங்கை தொட்டனான்? அகப்பையாலைதான் பிரட்டினனான். சோத்துக்கு விட ஒண்டும் இல்லாமல் வறண்டு கிடந்தது பிள்ளை, பார்க்கப் பாவமாய் இருந்தது."

மத்தியானம் மற்றக் கறிகளை முந்தி அந்தத் தாச்சிதான் குறைந்துகொண்டு போனது. கிறிஸ்துநாயகம் அண்ணை மூன்றாம் தரம் வந்தார். "தேவமலரின்ரை அன்னாசிக் கறி திறம். நான் முந்தியே நினைச்சனான், இந்தப் பிள்ளையிட்டைக் கைப்பக்குவம் இருக்கெண்டு."

தேவமலர் தன் சாப்பாட்டுக் கோப்பையில் கடிபடுகிற கரட் ஒன்றைத் தேடிக்கொண்டிருந்தார். எல்லாம் நாக்கிலேயே கரைந்தன. மிரியம் அக்கா கொப்பியோடு பக்கத்தில் வந்து இருந்து, 'தேவமலர் - அன்னாசிக் கறி' என்று எழுதி, கீழே இரண்டு கோடு போட்டார்.

"இனி நீ மோட்சம் போகுமட்டும் இது உன்ரைதான்."

தேவமலர் அந்த இரண்டு கோட்டையும் விரலால் தடவிப் பார்த்தார்.

"வாற வருசம் வெங்காயம் ஆர் அக்கா உரிக்கினம்?"

"அது ஜெயனிக்குக் குடுத்தாச்சு. உனக்கேன் இனி அந்தக் கவலை?"

எதிரே நேசராஜா கோப்பையை நீட்டினார். நாலு ஞாயிறு காணாத மலர்ச்சி அவர் முகத்தில் இருந்தது.

"இஞ்சாரும், அந்தக் குழம்பிலை இன்னும் கொஞ்சம் விடும்."