தறிக்குழி அளவில் ஒரு தொட்டி

யுத்தம் தொடங்குவதற்கு முந்தைய வருடம், செவ்வாய்ப்பேட்டைத் தகரக் கடையில் என் அம்மா மடியிலிருந்து ஒரு பாவு நூலை எடுத்து நீட்டினாள். அதில் மூன்று இடங்களில் முடிச்சுப் போட்டிருந்தாள். கடைக்காரர் சிரித்தார். பத்து வயதுப் பெண்ணான எனக்கு மானமே போனதுபோல் இருந்தது. அன்று அப்படி நினைத்ததற்காக இன்றுவரை வெட்கப்படுகிறேன்.

அப்பா ராசிபுரத்தில் குழித்தறி நெய்தவர். வருடக்கணக்காகக் குழிக்குள் காலைத் தொங்கவிட்டு உட்கார்ந்ததில் இடுப்பு பிடித்துக்கொண்டது. இரண்டு பேர் தூக்கினால்தான் எழுந்திருப்பார். தினமும் வெந்நீரில் உட்காரச் சொன்ன வைத்தியர், அதற்கும் சரிப்படாவிட்டால் தறியை மறந்துவிட வேண்டியதுதான் என்று கையை விரித்துவிட்டார்.

அப்பாவுக்கோ வீம்பு. வாங்குவதுதான் வாங்குகிறோம், துரை பங்களாவில் இருப்பதுபோல ஆள் நீளத்துக்குத் தொட்டி வாங்குவோம் என்று வண்டியில் படுத்தபடியே கடைவரை வந்துவிட்டார். அப்படியொரு தொட்டி அங்கே தயாராகவும் இருந்தது.

"ஏனுங்க, அதுக்குள்ள படுத்துட்டா அப்பறம் யாரு தூக்கறது?" என்றாள் அம்மா. பிறகு கடைக்காரரிடம் திரும்பினாள். "இது இவுங்க தறிக்குழியில எடுத்த அளவுங்க. குழி ஆழம், பலகை அகலம், பலகையில இருந்து இடுப்பு உசரம். உள்ள குந்தறதுக்கு ஒரு பலகை வெச்சுக் குடுங்க. கால் ஊனி எந்திரிக்கோணும்."

"தொட்டி என்ன தறிக்குழியாங்கம்மா?"

"ஆமாங்க. அப்படியே செஞ்சு குடுங்க."

நாலு பேர் பார்க்க மனைவி எதிர்த்துப் பேசிவிட்டாள் என்று அப்பா பல நாள் அவளோடு பேசவில்லை. அம்மா அதைச் சட்டை செய்யவே இல்லை. தினமும் விடிந்ததும், வீட்டுக்குப் பின்னால் பொடக்காலியில் வைத்த தொட்டியில் எட்டுக் குடம் வெந்நீர் ஊற்றுவாள். தண்ணீர் சரியாக இடுப்பளவில் நிற்கும்.

இரண்டு மாதம் கழித்து ஒரு காலை, அவள் கை கொடுக்கப் போனாள். அப்பா அந்தக் கையை விலக்கினார். தொட்டி விளிம்பைப் பிடித்து, காலை ஊன்றி, தானே எழுந்து நின்றார். நான் கத்திய கத்தலில் தெருவே கூடிவிட்டது. வந்தவர்களெல்லாம் வைத்தியரைப் புகழ்ந்தார்கள்.

ஈர வேட்டியோடு நின்ற அப்பா எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னார்: "தண்ணியில குந்தச் சொன்னது வைத்தியருங்க. எந்திரிக்க வெச்சது எங்க ஊட்டுக்காரி."