பாய் துடைத்த வெடிச்சத்தம்

தீபாவளிக்கு எடுத்த மல் துண்டை ஆப்பரேட்டர் பாய் கிழித்துவிட்டார் என்ற ஆத்திரம் மாதப்பனுக்கு இன்னும் ஆறவில்லை. வருஷம் ஏழாகிறது. அதன் கடைசிக் கிழிசலை நாலாக மடித்து, நடுவில் பிலிமை ஓடவிட்டுத் துடைத்துக்கொண்டிருக்கிறார் முகம்மது கவுஸ்.

"கேட்டுட்டுக் கிழிச்சா என்னங்க பாய்?"

"கேட்டா குடுப்பியாய்யா நீ?"

பென்னாகரம் டூரிங் கொட்டகையில் கவுஸ் ஆப்பரேட்டர். மாதப்பன் டிக்கெட் கிழிப்பவன். வருகிற படமெல்லாம் பத்து ஊர் அடிபட்ட பழம்படம். பிலிமின் ஓரத்தில் நூல் மாதிரி ஓடும் கோட்டில்தான் பேச்சும் பாட்டும் இருக்கிறதாம். அதில் எண்ணெய் பட்டால் இரைச்சல். அறுந்து ஒட்டிய இடம் வந்தால் 'டப்'. அந்த ஒட்டின் மேல் கவுஸ் மெல்லிய தூரிகையால் கருப்பு மை தடவுவார். சத்தம் அடங்கிவிடும்.

"மூஞ்சி மங்கினாலும் ஆள் தெரியும். பேச்சு மங்கினா கதையே போச்சுய்யா" என்பார். படத்தை அவர் பார்ப்பதில்லை. கண்ணை மூடிக் கேட்பதோடு சரி. கதாநாயகி யாரென்று கேட்டால், "அந்த மூக்கடைச்ச குரலா?" என்பார்.

எழுபத்திரண்டில் ஒரு சண்டைப்படம் மூன்றாம் தடவையாகக் கொட்டகைக்கு வந்தது. கவுஸ் வழக்கம்போல ஒட்டுக்கெல்லாம் மை வைத்தார், முன்பு இரண்டு தடவையும் விட்டுப்போன ஒன்றுக்கும் சேர்த்து. கடைசி ரீலில் துப்பாக்கியால் சுடப்பட்ட வில்லன் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு வெடிச்சத்தமே இல்லாமல் விழுந்தான்.

"வெடி எங்கய்யா?"

"ஆப்பரேட்டரு முளுங்கிட்டாரு!"

"மாரடைப்புல போயிட்டான், தூக்குங்கடா!"

பெஞ்சு தட்டினார்கள். மண்ணை வாரி இறைத்தார்கள். அசல் வெடிச்சத்தம் எந்த ஊரிலோ பிலிம் அறுந்தபோதே போய்விட்டது. இத்தனை நாளும் ஊர் வெடியென்று கேட்டது ஒட்டு விழுந்த 'டப்'பைத்தான்.

முதலாளி சென்னப்பன் மேலே ஏறி வந்தார். "நாளைக்கி வெடி கேக்கோணும். இல்லீன்னா நீங்க தர்மபுரி பஸ் ஏறிக்கலாம் பாய்."

"மையைச் சுரண்டி வுட்டுருங்களேன்" என்றான் மாதப்பன். அவனுக்கும் அந்த வெடி இல்லாமல் படம் சப்பென்றிருந்தது.

"சுரண்டினா ஒட்டு வுட்டுரும்யா. திரும்ப ஒட்ட ரெண்டு பக்கமும் வெட்டோணும். சாகறப்ப அவன் 'அம்மா'ங்கறானே, அதுவும் போயிரும்."

மறுநாள் மாலை ஆட்டத்துக்கு முன் கவுஸ் ஒரு தகரத்தைத் தூக்கிக்கொண்டு திரைக்குப் பின்னால் வந்தார். இங்கே தட்டிப் பார்த்தார், அங்கே தட்டிப் பார்த்தார். ஒரு மூலையில் தட்டியதும் தலையை ஆட்டிக்கொண்டார். கம்பின் நுனியில் கோணித்துணி சுற்றி மாதப்பன் கையில் கொடுத்தார்.

"நெஞ்சைப் பிடிப்பான். ஒரே அடி."

"இவ்ளோதானுங்களா பாய்?"

கவுஸ் அவனுடைய இடது கையைப் பிடித்து, விரல்களை விரித்துத் தகரத்தின் மேல் அழுத்தி வைத்தார்.

"அடிச்ச ஒடனே இப்படி அமுக்கிப் பிடிச்சுக்கோ மாதப்பா. அதிர்வு அந்த 'அம்மா' மேல வுளக் கூடாது."