பதில் வாங்கித் தந்த எஸ்தரம்மா

போன வாரம் சிதம்பரம் பஸ் ஸ்டாண்டில் நின்றபோது போன் வந்தது. வக்கீல் எஸ்தரம்மா விடியற்காலையில் போய்விட்டாராம், நெஞ்சுவலி. என்னைவிட எவ்வளவோ இளையவர். அப்படியே கடலூர் பஸ் ஏறினேன். முதுநகரில் அவர் வீட்டு வாசலில் கூடியிருந்தவர்களில் பாதிப்பேர் என்னைப் போல ஒருகாலத்தில் சஸ்பென்ஷனில் கிடந்தவர்கள். அவர்களுக்காகத்தான் இதைச் சொல்கிறேன். எனக்கு எழுத்து வராது. நான் சொல்லச் சொல்ல எங்கள் விடுதிப் பணியாளர் சங்கச் செயலாளர் எழுதிக்கொள்கிறார்.

நான் அரசு மாணவர் விடுதியில் சமையல்காரனாக இருந்தேன். சோதனையில் அரிசி மூட்டை குறைகிறது என்று என்னை சஸ்பெண்ட் செய்தார்கள். அதற்கப்புறம் குற்றச்சாட்டும் வரவில்லை, விசாரணையும் இல்லை. வருஷங்கள் ஓடின. ரிட்டையர் ஆகும் நாள் நெருங்கியது. சஸ்பென்ஷனில் இருப்பவனை ரிட்டையர் ஆகவும் விடமாட்டார்கள். திருடன் என்ற பட்டத்தோடு அந்தரத்தில் தொங்க வேண்டியதுதான். கடலூரில் எங்கள் துறை ஆபீசில் எப்போது கேட்டாலும், "ஃபைல் மேல போயிருக்குப்பா" என்பார்கள்.

கடைசியில் எஸ்தரம்மாவைத் தேடிப் போய் அத்தனையும் ஒப்பித்தேன். எந்த அதிகாரி, என்ன சட்டை போட்டிருந்தார், என்ன சொன்னார், ஒன்று விடவில்லை. கேட்டு முடித்துச் சிரித்தார்.

"எல்லாம் சரிண்ணே. எழுதிக் குடுத்தீங்களா?"

"நேர்லயே போயி கேட்டனேம்மா!"

"உங்க ஞாபகத்த கோர்ட்ல தாக்கல் பண்ண முடியாதுண்ணே. இவரு கேக்கவே இல்லன்னு அவுங்க சொல்லிட்டா?"

எழுதிக் கேட்டால் அதிகாரிக்குக் கோபம் வரும், நேரில் போய் நிற்பதுதான் மரியாதை என்று நாங்கள் எல்லோருமே நினைத்திருந்தோம். அன்றே மனு எழுதி, என் கைநாட்டு வாங்கி, பதிவுத் தபாலில் அனுப்பவைத்தார். மனு சேர்ந்ததற்கு ஒப்புகை அட்டை வந்தது, பதில் வரவில்லை. அதை வைத்துத்தான் சென்னை ஹைகோர்ட்டில் ரிட் போட்டார்.

உத்தரவு வந்த அன்று என் மச்சான் அவரிடம் சண்டைக்கே போய்விட்டான். கோர்ட் என்னை வேலையில் சேர்க்கச் சொல்லவில்லை. மனுவைப் பரிசீலித்து, குறித்த வாரங்களுக்குள் முடிவு சொல்ல வேண்டும், அவ்வளவுதான்.

"திரும்ப அவுங்க கையிலயே குடுத்துட்டு வந்திருக்கீங்க. இதுக்கா மெட்ராஸ் வரைக்கும் போனீங்க?"

"கொஞ்சம் உக்காருங்கண்ணே. இத்தினி நாளு வாயே தொறக்காம இருந்தாங்க. இனிமே முடியாது. சேத்துக்க மாட்டோம்னா காரணம் எழுதணும். காரணம் இருந்திருந்தா எப்பவோ எழுதியிருப்பாங்க."

"மாட்டோம்னே எழுதிட்டா?" என்றேன் நான்.

"எழுதட்டும். தப்பான பதிலோட சண்ட போடலாம்ணே. ஒண்ணுமே சொல்லலன்னா யார்கிட்ட போயி மோதறது?"

கெடு முடியுமுன்பே சஸ்பென்ஷன் ரத்தானது. விசாரணை தனியாக நடந்தது. மூட்டைகள் வேறு விடுதிக்குப் போயிருந்தது அதில் தெரிந்தது. நான் வேலையில் சேர்ந்த வாரம், எஸ்தரம்மா விடுதிக்கே வந்து பிள்ளைகளோடு உட்கார்ந்து சாப்பிட்டார். "சாம்பார்ல உப்பு ஜாஸ்திண்ணே. இதுக்கு வேணா சஸ்பெண்ட் பண்ணலாம்" என்றார். பிள்ளைகள் சிரித்த சிரிப்பில் நானும் வெகுநாளைக்குப் பிறகு சிரித்தேன். அடுத்த வருஷம் மாலை போட்டுத்தான் என்னை ரிட்டையர் ஆக்கி அனுப்பினார்கள்.

அவரிடமிருந்து நான் வைத்துக்கொண்டது ஒரு கேள்வி. ரேஷன் கடையானாலும் தாலுகா ஆபீசானாலும், பார்க்கலாம் என்று யாராவது சொன்னால், "என்னிக்கின்னு சொல்லுங்க சார்" என்று கேட்கிறேன். கேட்டுவிட்டு அங்கேயே நிற்கிறேன். இப்போதெல்லாம் நாள் சொல்கிறார்கள், எஸ்தரம்மா.