சாவுக்குப் போக்குக் காட்டும் தம்பதி

ஆர்லிஸ் ஹாகனைக் கொடூரமானவள் என்று அமெரிக்கக் குளிர் ஊரான பெமிட்ஜியில் யாரும் சொல்லமாட்டார்கள். பள்ளிப் பேருந்து ஓட்டுகிறாள். பனிப்புயலில்கூட ஒரு குழந்தையின் மூக்கு இடிபட்டதில்லை. ஆனால் செவ்வாய்க்கிழமை தியேட்டரில் பாதி விலை. அன்றைக்கு அவளுக்குத் திரையில் ரத்தம் வேண்டும்.

அதிலும் ஒரே ரகப் படம்தான். விபத்தில் சாக வேண்டிய நாலு பேர் தப்பிவிடுவார்கள். விட்டதைப் பிடிக்க விதி ஒவ்வொருவராகத் துரத்தும். பூனை மிரளும், பால் கொட்டும், திருகாணி கழலும், ஆள் காலி. "விசிறியப் பாருடா மடையா!" என்று திரையைப் பார்த்துக் கத்துவாள் ஆர்லிஸ். பக்கத்தில் அவள் கணவன் டுவேன் பாப்கார்ன் வாளிக்குப் பின்னால் ஒளிந்திருப்பான்.

இந்த ஏப்ரலில் டுவேனின் இதய வால்வு மக்கர் செய்தது. மாற்றாவிட்டால் கோடையைத் தாண்டுவது கஷ்டம் என்றார் டாக்டர். டுவேன் முடியாது என்றுவிட்டான்.

"விதிகிட்டேருந்து தப்பிச்சவன் எவன் உருப்பட்டான்? நீதானே வாராவாரம் இழுத்துட்டுப் போய்க் காட்டுறே! ஆபரேஷன்னு போனா மேல இருக்கிற லைட்டே தலையில விழும்."

"போன மாசம் உறைஞ்ச ஏரி உருகுறப்போ அது மேல வண்டிய நிறுத்தி, துளை போட்டு மீன் பிடிச்ச ஆளுய்யா நீ. அடியில ஐஸ் விரிசல் விடுது, நீ பீர் குடிக்கிறே. கை கழுவிட்டு வர்ற டாக்டரப் பாத்தா பயமா?"

"ஏரி எனக்குப் பழக்கம்."

ஆர்லிஸ் குரலைத் தாழ்த்தினாள். திரையில் எத்தனை தலை உருண்டபோதும் தாழாத குரல்.

"சரி, ஒண்ணு சொல்லு. படத்துல எல்லாரும் உன்ன மாதிரி சோபாவுல சாஞ்சு 'வா, வந்து எடுத்துக்கோ'ன்னா, படம் எவ்வளவு நேரம் ஓடும்?"

டுவேன் யோசித்தான். "பத்து நிமிஷம்."

"அதுக்கு எவன் டிக்கெட் எடுப்பான்? நாம சாவப் பாக்கவா போறோம்? அதுதான் வீடு தேடி இலவசமா வருமே! அவங்க ஓடுறாங்கல்ல, அதப் பாக்கத்தான் போறோம். கடைசியில தோத்தா என்ன? ஒன்றரை மணி நேரம் தண்ணி காட்டினாங்கல்ல? நீயும் காட்டு. நான் பாக்கணும்."

டுவேன் போனைக் கையில் எடுத்தான். பிறகு டாக்டரின் எண்ணைக் கேட்டான்.

அறுவை மேசையில் படுத்ததும் அவன் கண் மேலே போனது. "சிஸ்டர், அந்த லைட்டு திருகாணியெல்லாம்..."

"இறுக்கியாச்சு," என்றாள் நர்ஸ். "உங்க வீட்டம்மா காலையிலயே ஆள ஏணி மேல ஏத்தி விட்டுட்டாங்க."

ஜூனில் ஒரு செவ்வாய்க்கிழமை. பாப்கார்னில் உப்பில்லை, வெண்ணெயும் இல்லை. ஆனால் வாளிக்கு மேலே இரண்டு கண்கள் தெரிந்தன.

"விசிறியப் பாருடா மடையா!" என்றான் டுவேன்.