சோணைமுத்துவின் கறுப்புத் தாள்கள்

என் அக்கா அழகுமீனாவின் கணவர் சோணைமுத்து, சிவகாசியில் ஓர் அச்சகத்தில் மெஷின்மேன். அவர் படம் எடுப்பவர் என்பது அங்கே அவருடன் வேலை பார்க்கும் பலவேசத்துக்கு மட்டும்தான் தெரியும்.

ஒவ்வொரு புது வேலைக்கும் முதலில் வண்ணம் சரியாக விழ வேண்டும். அதற்கு நல்ல தாளை வீணாக்க மாட்டார்கள். ஏற்கெனவே அச்சான வேஸ்ட் ஷீட்டுகளையே திரும்பத் திரும்ப மெஷினில் விடுவார்கள். முருகன் காலண்டர்மேல் சங்குசக்கரப் பட்டாசு லேபிள் விழும், அதன்மேல் ஊறுகாய் லேபிள். அந்தத் தாள்களை அத்தான் சாப்பாட்டு நேரத்தில் தரையில் வைத்து, செல்போனில் ஒவ்வொன்றாகப் படமெடுப்பார். அந்தப் படங்களை அடுத்தடுத்து வேகமாக ஓடவிட்டால் அதுதான் அவர் சினிமா. கதை கிடையாது, பாட்டு கிடையாது. வந்த வரிசையை மாற்றக் கூடாது, ஒரு தாளைக்கூடத் தனியே எடுத்துவைக்கக் கூடாது என்பது அவர் விதி.

"நல்லாருக்குன்னு நான் பொறுக்க ஆரம்பிச்சா அது என் ஆசையாயிரும்" என்பார்.

போன வருஷம் அக்கா காய்ச்சலில் இறந்துபோனாள். கண்ணீர் அஞ்சலி போஸ்டரை அத்தானே அடித்தார். இருக்கன்குடி கோயிலில் இருவரும் சேர்ந்து நின்ற படம். தன்னை வெட்டிவிட்டு அவளை மட்டும் வைத்திருந்தார். சரியாக வராத போஸ்டர்கள் வழக்கம்போல வேஸ்ட் ஷீட் கட்டில் சேர்ந்தன. மறுவாரம் அந்தக் கட்டைப் பிரித்த பலவேசம் மெஷினை நிறுத்தினார்.

"ஏலே, மதினி படம்லே இது. எடுத்து வீட்டுக்குக் கொண்டு போ."

"கிடக்கட்டும். உள்ள விடு."

"இப்ப ஓடுறது பட்டாசு லேபிள்லே. மதினி மூஞ்சியில விழும்."

"விழட்டும். படத்துக்கு வேணும்."

"பெரிய படம்! ஒங்கப்பன் தியேட்டர் கட்டி வச்சிருக்கான் பாரு. நீயெல்லாம் மனுசனாலே?"

அத்தானே பொத்தானை அழுத்தினார்.

முதலில் அக்காவின் நெற்றியில் ஒரு சங்குசக்கரம். பிறகு கன்னத்தில் எலுமிச்சை. மூக்குத்தி மட்டும் கொஞ்ச நாள் தாக்குப்பிடித்தது. தீபாவளி சீசன் முடிவதற்குள் தாள் முழுவதும் கறுத்துவிட்டது. அத்தான் அந்தக் கறுப்பையும் விடாமல் படமெடுத்தார்.

மதுரையில் ஒரு சின்னத் திரைப்படக் கழகத்தில் அத்தானின் படத்தைப் போட்டார்கள். நானும் போயிருந்தேன். கறுப்பு வந்ததும், "என்னப்பா, கரண்டு போச்சா?" என்று யாரோ கேட்க, சிரிப்பு எழுந்தது. சிலர் கிளம்பினார்கள். அத்தான் என் பக்கம் குனிந்தார்.

"அருணா, ஒனக்குத் தெரியுதா?"

"என்னது அத்தான்?"

"மீனா."

"தெரியலையே. வீட்ல போட்டோ இருக்குல்லா?"

"அது எல்லாருக்கும் தெரியிற மீனா. இதுல எனக்கு மட்டுமாவது தெரிவாள்னு நெனச்சுத்தான் உள்ள விட்டேன்."

கொஞ்ச நேரம் திரையையே பார்த்தார்.

"எனக்கும் தெரியல" என்றார்.

படம் முடிய இன்னும் நேரம் இருந்தது. அவர் எழுந்திருக்கவில்லை. நானும் உட்கார்ந்திருந்தேன்.