வேகாத கல்

அரியக்குடியிலிருந்து ஆள் வந்தபோது நான் வெற்றிலை மடித்துக்கொண்டிருந்தேன். வயிரவன் செட்டியார் முந்தின நாள் காலமாகிவிட்டார் என்றும், எரியூட்டியும் ஆகிவிட்டது என்றும் சொன்னார். நாட்டரசன்கோட்டையில் இருக்கும் எனக்குச் சேதி சொல்ல வேண்டும் என்பது வீட்டில் யாருக்கோ பிந்தித்தான் நினைவுக்கு வந்ததாம். எனக்குக் கோபம்தான் முதலில் வந்தது. அவரோடு மூன்று வருஷம் ஒரே கூடாரத்தில் படுத்தவன் நான். என்னை மறந்துவிட்டார்களே என்று ஆத்திரப்பட்டேன். கையிலிருந்த வெற்றிலையைக் கீழே வைத்தபிறகுதான் அழுகை வந்தது.

பர்மாவில் ஷான் மலைகளுக்குள் ஒரு சுரங்கக் கம்பெனி எங்களை வேலைக்கு வைத்திருந்தது. மலையில் எந்தக் கல் எங்கே தொடங்கி எங்கே முடிகிறது என்று படம் போடுகிற வேலை. ஏறிப் போய்க் கல்லை உடைத்து எடுத்து வந்து, படத்தில் வர்ணம் தீட்டுபவன் நான். அது இன்ன கல் என்று பார்த்துச் சொல்பவர் செட்டியார். வீட்டார் அவரை ரங்கூனில் கடை பார்க்க அனுப்பியிருந்தார்கள். கப்பலை விட்டு இறங்கியவர் கடையில் ஒரு மாதம்கூடத் தரிக்கவில்லை. கல்லைப் பார்க்கத்தான் பிறந்தவர், கடையில் எப்படி உட்காருவார்?

அந்த மலைகளைப் பார்த்தவர்களுக்குத்தான் தெரியும். எங்கள் ஊர்ப்பக்கத்துப் பிரான்மலை ஏறி இறங்கியவன் என்று நானும் சவடால் அடித்துக்கொண்டு போனவன்தான். முதல் நாளே முழங்கால் விட்டுப்போயிற்று. அடுக்கடுக்கான பாறை, படுத்துக் கிடக்க வேண்டியது செங்குத்தாக எழுந்து நிற்கும். அப்படி ஒரு முகட்டின் உச்சியில் செட்டியார் என்னைக் கூப்பிட்டு, பாறைக்குள் பதிந்திருந்த ஒரு சிப்பியைக் காட்டினார். நான் யாரோ தின்று போட்டது என்றேன். அவர் சிரிக்கவில்லை. "கடல் இங்க கெடந்திருக்கு, கருப்பையா. நாம கப்பல்ல வந்தோம், அது நடந்தே ஏறியிருக்கு" என்றார். பிறகு செருப்பைக் கழற்றிவிட்டு அந்த இடத்தைச் சுற்றிக்கொண்டு நடந்தார். கோயிலுக்குப் போனால்கூட அவ்வளவு அடக்கமாக அவர் நடந்து நான் பார்த்ததில்லை.

சுண்ணாம்புக் கல்லைக் கண்டுபிடிக்கத் திராவகம் ஒரு சொட்டு விடுவார்கள். நுரைத்தால் சுண்ணாம்பு, இல்லாவிட்டால் வேறு கல். இரண்டாம் வருஷம் எங்கள் கோவேறு கழுதை சரிவில் உருண்டு, திராவகப் புட்டிகள் அத்தனையும் உடைந்துபோயின. புதிது வர மழைக்காலம் கழிய வேண்டும். செட்டியார் அசரவில்லை. அவர் மனைவி உமையாள் ஆச்சி ஊரிலிருந்து கொடுத்தனுப்பிய எலுமிச்சங்காய் ஊறுகாய் ஜாடியைத் திறந்தார். உடைத்த கல்லைக் கத்தியால் சுரண்டி, அந்தத் தூளில் ஊறுகாய் நீரை விட்டார். மெல்ல நுரைத்தது. அன்றிலிருந்து கஞ்சிக்குத் தொட்டுக்கொள்ள ஒன்றுமில்லை, எல்லாம் கல்லுக்குத்தான். ஆச்சி கை ஊறுகாயைப் பாறைக்குப் போடுகிறாரே என்று எனக்கு வயிறு எரியும். அவர் பார்க்காதபோது இரண்டு துண்டு எடுத்துத் தின்றதும் உண்டு.

ஜாடி காலியாகும் சமயத்தில்தான் அந்தக் கடைசிச் சிகரம் வந்தது. செட்டியார் குளிர் ஜுரத்தில் கிடந்தார். நான் தனியாக ஏறி, நீலம் பாய்ந்த கருங்கல் ஒன்றை உடைத்து, என் கையெழுத்தில் சீட்டு ஒட்டிக் கொண்டுவந்தேன். கத்தி பிடித்துச் சுரண்ட அவருக்குக் கையில் வலு இல்லை. ஜாடியின் அடியில் ஒரு சொட்டுத்தான் மிச்சம். அதை அப்படியே கல்லின் மேல் விட்டார். நுரைத்தது. சுண்ணாம்பு என்றார், நான் வர்ணம் தீட்டினேன்.

கம்பெனித் துரைக்கு ஒரே மகிழ்ச்சி. தாது உருக்கும் உலைக்குச் சுண்ணாம்பு பக்கத்திலேயே கிடைத்துவிட்டது என்று, கல்லைச் சுட்டுச் சுண்ணாம்பாக்க மலையடியில் காளவாசல் கட்டச் சொன்னார். ஆட்கள் மழையில் பாதை வெட்டி, முதுகில் கல் சுமந்து இறக்கினார்கள். மூன்று நாள் நெருப்பு எரிந்தது. பிரித்துப் பார்த்தால் போட்ட கல் போட்டபடியே இருந்தது. வெடித்திருந்ததே தவிர வேகவில்லை.

யார் பார்த்த கல் என்று துரை கேட்டார். செட்டியார், நான் சீட்டு ஒட்டிக் கொண்டுவந்த அந்தக் கல்லை எடுத்து வெளிச்சத்தில் வெகுநேரம் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு என்னை ஒருமுறை பார்த்தார். "நான் பாத்துச் சொன்னதுதான். தப்பு என்னோடது" என்றார். அந்த வாரமே அவரைக் கப்பலேற்றி விட்டார்கள். என் வேலை அடுத்த மாதம் நிரந்தரமாயிற்று.

இதற்குமேல் எழுத வெட்கமாக இருக்கிறது. ஆனாலும் அவரை அறிந்தவர்கள் இதைப் படிப்பீர்கள் என்பதால் எழுதத்தான் வேண்டும். விடுமுறையில் ஊர் வந்தவன், காளவாசல் கதையைக் காரைக்குடிச் சந்தையில் நின்று சிரிக்கச் சிரிக்கச் சொன்னேன். 'கல்லு வேகாத செட்டியார்' என்ற பட்டப்பெயரை உங்களில் பலர் சொல்லியிருப்பீர்கள். அதை வைத்தவன் நான்தான். செட்டிநாட்டில் அப்போது ஊருக்கு ஊர் வீடு எழும்பிக்கொண்டிருந்தது. தூணுக்கு எந்தக் கல், சாந்துக்கு எந்தச் சுண்ணாம்பு என்று சொல்ல அவரைவிட ஆள் கிடையாது. ஆனால் ஒரு வீட்டாரும் அவரைக் கேட்கவில்லை. கேட்டால் ஊர் சிரிக்கும். கட்டுகிற வீடுகளின் வாசலில் நின்று, இறங்கும் கல்லைத் தூரத்திலிருந்தே பார்த்துவிட்டுத் திரும்பி நடப்பார்.

நான் பர்மாவை விட்டு வந்தபின் வருஷத்துக்கு நாலு முறையாவது அவர் வீட்டுக்குப் போவேன். போனதும், "என்ன செட்டியாரே, இன்னிக்காவது கல்லு வெந்துச்சா?" என்பேன். அவரும் சிரிப்பார். கிளம்பும்போது தவறாமல் ஒன்று சொல்வார்: "கருப்பையா, வெத்தலை போடுங்க, வேணாங்கல. சுண்ணாம்பை மட்டும் பாத்துத் தொடுங்க." வாய் வெந்துவிடும் என்ற அக்கறை என்று நினைத்துக்கொள்வேன்.

துக்கம் கேட்கப் போன அன்று, உமையாள் ஆச்சி உள்ளேயிருந்து ஒரு துணிப் பொட்டலத்தை எடுத்து வந்தார். பிரித்தால் அந்தக் கல். என் கையெழுத்துச் சீட்டு பழுப்பேறி ஒட்டிக்கொண்டிருந்தது. நீலக் கருப்பின் மேல் வெள்ளையாக ஒரு தீற்று.

"இத்தனை வருசமாப் பெட்டியில வச்சிருந்தாக. அழுக்கா இருக்கே, தொடச்சிரவான்னு கேட்டேன். தொடாத உமையா, அது கருப்பையா கைன்னாக. என்னான்னு எனக்குத் தெரியல. நீங்களே கொண்டு போங்க" என்றார்.

வீட்டுக்கு வந்து என் கட்டைவிரலை அந்தத் தீற்றின் மேல் வைத்தேன். சரியாகப் பொருந்தியது. எலுமிச்சம்பழம் ஒன்றைப் பிழிந்து வெறும் கல்லில் ஒரு சொட்டு விட்டேன். சும்மா நின்றது. வெள்ளையின் ஓரத்தில் ஒரு சொட்டு விட்டேன். நுரைத்தது. அந்தச் சிகரத்தில் நான் வெற்றிலை போட்ட கையாலேயே கல்லை எடுத்திருக்கிறேன். அவர் விட்ட கடைசிச் சொட்டு மலையைப் பார்க்கவில்லை, அதில் காய்ந்து ஒட்டியிருந்த என் விரல் சுண்ணாம்பைப் பார்த்தது. துரை முன்னால் வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தபோதே அவருக்கு அது தெரிந்துவிட்டது. தாயில்லாத மூன்று பிள்ளைகளை நான் ஊரில் விட்டு வந்திருந்ததும் அவருக்குத் தெரியும்.

ஏன் ஐயா சொல்லவில்லை? ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் சந்தையில் நின்று அதே வாயால் மாற்றிச் சொல்லியிருப்பேனே. திட்டியாவது இருக்கலாம். இப்போது யாரிடம் போய் மன்னிப்புக் கேட்பேன்?

அரியக்குடிக்காரர்களே, காரைக்குடிக்காரர்களே, அவர் கண் தவறியதே இல்லை. இனி அந்தப் பட்டப்பெயரைச் சொல்வதானால் என்னைப் பார்த்துச் சொல்லுங்கள். அது என்னுடையது. அவரிடமிருந்து நான் எடுத்து வைத்துக்கொண்டவை அந்தப் பெயரும் இந்தக் கல்லும்தான். கல்லை நானும் துடைக்கப் போவதில்லை.